கண்ணுக்குள் வைக்கும் லென்ஸ்

கண்புரை அறுவைக்குப் பின் வலது கண்ணின் கட்டைப் பிரித்த மறுநாள்தான், நான் வெள்ளை என்றே நம்பியிருந்த என் சட்டை, இன்னும் அறுவை செய்யாத இடது கண்ணுக்குப் பழுப்பேறித் தெரிவதைக் கவனித்தேன். கண்புரை என்பது, பலர் நினைப்பதுபோல, கண்ணின் மேல் வளரும் சதையன்று. கண்மணிக்குப் பின்னாலுள்ள இயற்கை லென்ஸே மங்கிப்போவதுதான். அதை ஏறத்தாழ 2 முதல் 3 மில்லிமீட்டர் கீறல் வழியாக மீயொலி அதிர்வால் உடைத்து உறிஞ்சியெடுத்து, எஞ்சும் மெல்லிய உறைக்குள் மடித்த செயற்கை லென்ஸைச் செலுத்துகிறார்கள். 1949இல் ஆங்கிலேயக் கண் மருத்துவர் ஹெரால்டு ரிட்லி முதன்முதலில் பொருத்தியதோ மடங்காத கெட்டிப் பிளாஸ்டிக்.

எந்த லென்ஸ் என்பதில்தான் எனக்குக் குழப்பம். மோனோஃபோக்கல் ஒரே தொலைவுக்கானது. தூரத்துக்கு வைத்தால் படிக்கக் கண்ணாடி வேண்டும். மல்டிஃபோக்கல் பல தொலைவுகளுக்கானது, கண்ணாடியின் தேவையைக் குறைக்கும். ஆனால் இரவில் விளக்குகளைச் சுற்றி ஒளிவட்டங்கள் தெரியக்கூடும். சிலிண்டர் பவர், அதாவது கருவிழியின் வளைவு சீராக இல்லாததால் வரும் பார்வைக் குறை, உள்ளவர்களுக்கு அதையும் சரிசெய்யும் டோரிக் லென்ஸ் உண்டு. விலை கூடியதே சிறந்தது என்ற பேச்சை நான் ஏற்கவில்லை. இரவில் வண்டி ஓட்டுபவன் என்பதால் மோனோஃபோக்கலையே தேர்ந்தேன்.

புரை மீண்டும் வளருமா என்று கேட்டேன். வளராது, பின்னாளில் அந்த உறை மங்கினால், லேசரால் சில நிமிடங்களில் சரிசெய்துவிடலாம் என்றார் மருத்துவர். இடது கண்ணுக்கு அடுத்த மாதம்.