‘லாஸ்ட் நேம்’ கட்டாயம்

எங்கள் நிறுவனத்தின் வருடாந்தரக் கூட்டத்துக்குப் பல நாட்டுக் கிளைகளிலிருந்து ஆட்கள் வருவதாக இருந்தது. கழுத்தில் மாட்டிக்கொள்ளும் பெயர் அட்டை தயாரிக்கிற வேலை என் தலையில் விழுந்தது. மேலாளர் போட்ட நிபந்தனை இரண்டே இரண்டு. ஃபர்ஸ்ட் நேம், லாஸ்ட் நேம் தனித்தனியாக இருக்க வேண்டும். எந்தக் கட்டமும் காலியாக இருக்கக் கூடாது. மென்பொருளும் அவர் கட்சிதான். கட்டம் காலியாக இருந்தால் சிவப்பில் கத்தும்.

அந்தக் கட்டத்தோடு எனக்குப் பழைய பகை உண்டு. பெயருக்கு முன்னால் இனிஷியலாக நிம்மதியாக இருந்த அப்பாவை முழுசாக விரித்து எழுதித்தான் என் லாஸ்ட் நேமை நிரப்பினேன். விளைவு, வெளிநாட்டுக் கிளைகளிலிருந்து வரும் கடிதமெல்லாம் ‘மிஸ்டர்’ போட்டு அப்பா பெயருக்கே வருகிறது. அறிக்கை தாமதமானால் திட்டு வாங்குவது அவர். நான் உருப்படியாக ஏதாவது செய்துவிட்டாலும் பாராட்டு அவருக்குத்தான். “ரிட்டயர் ஆன பிறகும் என்னை விட மாட்டேங்கிறாங்களே” என்று அவ்வப்போது அலுத்துக்கொள்வார்.

பட்டியலில் முதலில் சிக்கியவர் மியான்மர்காரர். அவருடைய ஒற்றைப் பெயருக்கு முன்னால் ‘ஊ’ என்று இருந்தது. ஊவை ஃபர்ஸ்ட் நேமில் போடச் சொன்னார் மேலாளர். அது பெயரே இல்லை, மரியாதைக்குச் சேர்க்கும் அடைமொழி, கிட்டத்தட்ட நம் ‘திரு’. 1961 முதல் 1971 வரை ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த ஊ தாண்டின் பெயரும் வெறும் தாண்ட்தான். ‘மிஸ்டர் ஊ தாண்ட்’ என்று எழுதினால் ‘திரு திரு தாண்ட்’ என்று ஆகிவிடும். இதைச் சொன்னதும் மேலாளர் திருதிருவென்றுதான் விழித்தார்.

இந்தோனேசியாவிலிருந்து வருகிறவருக்கும் ஒரே பெயர். அவர் அனுபவசாலி போலும், இரண்டு கட்டத்திலும் அதே பெயரைப் போட்டு மென்பொருளின் வாயை அடைத்திருந்தார். சுகர்ணோவும் சுகார்த்தோவும் ஒற்றைப் பெயரை வைத்துக்கொண்டே அந்த நாட்டை அடுத்தடுத்து ஆண்டார்கள். நாட்டுக்குப் போதுமான பெயர் எங்கள் அட்டைக்குப் போதவில்லை.

ஆனால் மேலாளரை உண்மையிலேயே கதிகலங்க வைத்தவர் மங்கோலியாவிலிருந்து வருகிறவர். அவர் பெயர் நெர்குய்.

“இது என்னங்க பேரு, என்ன அர்த்தம்?”

“பேர் இல்லைன்னு அர்த்தம் சார்.”

“இல்லைன்னா கேட்டு வாங்குங்க. காலியா விடக் கூடாதுன்னு சொன்னேனே!”

“காலியா இல்ல சார். பேர் இல்லைங்கிறதுதான் அவர் பேரு.”

கெட்ட ஆவிகள் குழந்தையைத் தேடி வந்து ஏமாந்து திரும்பட்டும் என்று வைக்கிற பெயர் அது. ‘மனிதன் இல்லை’ என்று பொருள்படும் ஹூன்பிஷ் என்ற பெயர்கூட அங்கே உண்டு. முந்தைய குழந்தைகள் தங்காமல் போன வீட்டில் அடுத்ததற்குக் குப்பன், பிச்சை என்று வைத்துக் காலனை ஏமாற்றிய கூட்டம்தானே நாமும். இவ்வளவும் சொன்னேன். மேலாளர் ரொம்ப நேரம் திரையையே பார்த்துவிட்டு, “சரி, அடுத்தது” என்றார்.

அடுத்தது ஐஸ்லாந்துக் குடும்பம். கணவன், மனைவி, ஒரு பையன், ஒரு பெண். நான்கு பேருக்கும் நான்கு லாஸ்ட் நேம். “இவங்க ஒரே குடும்பம்தானா? ஒரே ரூம் கொடுக்கலாமா?” என்று தாழ்ந்த குரலில் விசாரித்தார். அங்கே பெரும்பாலும் அப்பா பெயரோடு மகன் என்றோ மகள் என்றோ சேர்த்துக்கொள்வார்கள். யோனின் மகன் யோன்சன், மகள் யோன்ஸ்தோத்திர். கல்யாணம் ஆனாலும் பெண்கள் பெயரை மாற்றுவதில்லை. தொலைபேசிப் புத்தகத்தையே முதல் பெயர் வரிசையில்தான் அச்சடித்தார்கள். அப்பாவை இனிஷியலுக்குள் சுருட்டி முன்னால் வைக்கிறோம் நாம். அவர்கள் பின்னால் நிற்க வைக்கிறார்கள். எனக்கு அவர்கள்மேல் ஒரு பங்காளிப் பாசமே வந்துவிட்டது.

கானாக்காரர் விஷயத்தில் பெயரே துப்பறிந்தது. எல்லோர் விவரத்தையும் ஒருமுறை சரிபார்க்கச் சொல்லியிருந்தார்கள். கோஃபி என்று பெயர், பிறந்த தேதி 7-5-1985. அந்த ஊரின் அகான் மக்களிடம் பிறந்த கிழமையை வைத்துப் பெயர் வைக்கும் வழக்கம் இருக்கிறது. கோஃபி என்றால் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண். நாட்காட்டியைப் புரட்டினால் 1985 மே 7 செவ்வாய்க்கிழமை! கேட்டு எழுதினேன். அவர் பிறந்தது ஜூலை 5, அசல் வெள்ளிக்கிழமை. பதிவு செய்த எவரோ நாளையும் மாதத்தையும் இடம் மாற்றிவிட்டிருக்கிறார்கள். இத்தனை வருடமாகப் பிறந்தநாள் வாழ்த்து இரண்டு மாதம் முன்னாடியே வந்துகொண்டிருந்ததாம். அங்கே எல்லோரும் அவசரக்காரர்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன் என்றார்.

ஒருவழியாக அட்டைகள் தயாராகிக் கூட்டமும் தொடங்கியது. தேநீர் இடைவேளையில் ஒரு மேசையைச் சுற்றி ஐந்து பேர் நின்றிருந்தார்கள். இங்கிலாந்து ஸ்மித், ஜெர்மனி ஷ்மிட், இத்தாலி ஃபெராரி, ஹங்கேரி கோவாச், லெபனான் ஹத்தாத். பட்டியலோடு மல்லுக்கட்டியதில் எனக்குத் தெரிந்துபோன விஷயம், இந்த ஐந்து பெயருக்குமே மூலம் கொல்லர்தான். அந்தக் காலத்தில் ஊருக்கு ஊர் ஒரு பட்டறை; ஒரே ஊரில் ஏழெட்டு ஜான் இருந்தால் ‘கொல்லர் ஜான்’ என்று சொன்னால்தான் ஆள் தெரியும். அப்படி ஒட்டிக்கொண்டது பேரப்பிள்ளைகள் வரை வந்துவிட்டது. போய்ச் சொன்னேன். அதுவரை தட்பவெப்பம் பேசிக்கொண்டிருந்தவர்கள் தோளில் கை போட்டுப் படமெல்லாம் எடுத்துக்கொண்டார்கள். மூன்று பேர் கணக்குப் பிரிவு, ஒருவர் விற்பனை, ஒருவர் வக்கீல். சுத்தியலைத் தொட்டவர் ஒருவரும் இல்லை.

மதியம் மேலாளர் பேச எழுந்த நேரம், திரையைத் தாங்கிய ஸ்டாண்டின் திருகாணி கழன்று விழுந்து திரை ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அரங்கமே கொல்லர் மேசையைத் திரும்பிப் பார்த்தது. ஹத்தாத் மட்டும் கம்பீரமாக எழுந்து போனார். குனிந்து திருகாணியை எடுத்தார், வெளிச்சத்தில் உயர்த்தி இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். அப்புறம் அதை மேலாளர் உள்ளங்கையில் வைத்து, “இதுக்கு யாராவது ஆளைக் கூப்பிடுங்க” என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்து உட்கார்ந்துகொண்டார்.