சம்மதிக்கவில்லை, சார்

கடந்த ஆண்டு தேங்க்ஸ்கிவிங் விடுமுறைக்காக டாலஸிலிருந்து ஹூஸ்டனுக்கு ஐ-45 நெடுஞ்சாலையில் போய்க்கொண்டிருந்தபோது, வழியில் ஒரு சிற்றூரின் எல்லையருகே எனக்குப் பின்னால் சிவப்பும் நீலமுமாக விளக்குகள் சுழன்றன. காரை ஓரங்கட்டியவுடன் என் கை தானாகவே கதவுப்பிடிக்குப் போனது. நம் ஊரில் போலீஸ்காரர் கைகாட்டினால் இறங்கி, ஆர்.சி. புக்கை எடுத்துக்கொண்டு அவர் நிற்கும் இடத்துக்கு நாமே போவதுதான் மரியாதை. இங்கே அப்படி இறங்கி நடந்தால் தாக்க வருவதாக எடுத்துக்கொள்வார்கள் என்பது சட்டென்று நினைவுக்கு வர, இரு கைகளையும் ஸ்டியரிங்கின் மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

இண்டிகேட்டர் போடாமல் தடம் மாறினேன் என்றார் அதிகாரி. இதே டெக்சஸில், இதே காரணத்துக்காகத்தான் 2015 ஜூலையில் சாண்ட்ரா பிளாண்ட் என்ற பெண்ணை நிறுத்தினார்கள். மூன்று நாள் கழித்து அவர் சிறையறையில் இறந்துகிடந்தார். வேலை விசாவில் இருப்பவனுக்கு அந்த நேரத்தில் வேறு எது நினைவுக்கு வரும்?

லைசென்ஸையும் இன்சூரன்ஸ் தாளையும் கொடுத்தேன். அவற்றைக் கேட்க அவருக்கு அதிகாரம் உண்டு. அடுத்து, காரைவிட்டு இறங்கச் சொன்னார். இதை மறுக்கலாம் என்று நம்மவர்களில் பலர் நினைக்கிறார்கள். ஆனால் முறைப்படி நிறுத்தப்பட்ட ஓட்டுநரை இறங்கச் சொல்லலாம் என்று 1977-இலேயே பென்சில்வேனியா வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது, 1997-இல் அது பயணிகளுக்கும் விரிந்தது. எனவே இறங்கினேன்.

காரின் பின்புறம் நிற்கவைத்து, எங்கிருந்து வருகிறாய், யார் வீட்டுக்குப் போகிறாய் என்றெல்லாம் பேச்சுக்கொடுத்தவர், அதே நட்பான குரலில், காருக்குள் ஒருமுறை பார்த்தால் உனக்கு ஆட்சேபணை உண்டா என்று கேட்டார். ஆங்கிலத்தில் அந்தக் கேள்வி ஒரு பொறி. மரியாதைக்காக “இல்லை” என்று சொல்லிவிட்டால் அது சம்மதமாகிவிடும். மறுக்க உரிமை உண்டு என்பதை அதிகாரி நமக்குச் சொல்லித்தான் ஆகவேண்டும் என்ற கட்டாயமும் இல்லை, 1973-இலிருந்து சட்டம் அப்படித்தான் இருக்கிறது. தக்க ஆதாரம் இல்லாமல் காரைச் சோதனையிட அமெரிக்க அரசியல் சட்டத்தின் நான்காவது திருத்தம் இடம் தருவதில்லை. ஆனால் நாமே தலையாட்டிவிட்டால் அந்தப் பாதுகாப்பு அங்கேயே போய்விடுகிறது. வழக்கறிஞரான நண்பர் முன்பு சொல்லிக்கொடுத்திருந்தபடி, உண்டு என்றோ இல்லை என்றோ சொல்லாமல், முழு வாக்கியமாக, “சோதனையிட நான் சம்மதிக்கவில்லை, சார்” என்றேன். டிக்கியில் அக்காவுக்காக எடுத்துச்சென்ற சாம்பார்ப்பொடியைத் தவிர வேறொன்றும் இல்லை; ஆனால் மறைக்க ஏதாவது இருப்பவர்களுக்கு மட்டும் உரிய உரிமை அல்ல இது.

அவர் முகம் மாறியது. மோப்ப நாயை வரவழைப்பதாகச் சொன்னார். அபராத டிக்கெட் எழுதும் நேரத்துக்குள் நாய் வந்து காரைச் சுற்றினால் சட்டப்படி அதைத் தடுக்க முடியாது. ஆனால் எழுத வேண்டியதை எழுதி முடித்த பிறகு, நியாயமான சந்தேகம் ஏதுமின்றி, நாய்க்காக மட்டும் ஒருவரைக் காத்திருக்கவைக்கக் கூடாது என்று 2015-இல் ரொட்ரீகஸ் வழக்கில் தீர்ப்பு வந்தது. நெப்ராஸ்காவில் நடந்த அந்த வழக்கில் கூடுதலாகக் காக்கவைத்தது ஏழெட்டு நிமிடம்தான். நான் வாதாடவில்லை. ஐம்பது டாலர் அபராதத்துக்கு மேல் போகாத சீட்பெல்ட் குற்றத்துக்காக ஒரு தாயைக் கைது செய்தது செல்லும் என்று, இதே மாநிலத்தின் லாகோ விஸ்டா வழக்கில், 2001-இல் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தீர்ப்பானது எனக்குத் தெரியும். அதனால், “டிக்கெட் முடிந்ததும் நான் போகலாமா, சார்?” என்று மட்டும் கேட்டேன். நாய் வரவில்லை. ஏறத்தாழ இருபத்தைந்து நிமிடத்தில் தாளை நீட்டினார். அதில் கையெழுத்திடுவது குற்றத்தை ஒப்புக்கொள்வதாகாது, நீதிமன்றத்துக்கு வருவேன் என்ற உறுதிமொழி மட்டுமே.

வீட்டுக்கு வந்ததும் கோபம் தலைக்கேறியது. டெக்சஸில் அபராதத்தோடு முடிகிற வழக்குக்கும் ஜூரி விசாரணை கேட்கலாம் என்று அறிந்து, குற்றமற்றவன் என்று நகராட்சி நீதிமன்றத்துக்கு எழுதிப்போட்டேன். என் நிறத்தைப் பார்த்துத்தான் நிறுத்தினார் என்ற எண்ணம் இன்றும் என்னைவிட்டுப் போகவில்லை. ஆனால் உண்மையிலேயே விதிமீறல் இருந்தால், நிறுத்திய அதிகாரியின் உள்நோக்கம் நான்காவது திருத்தத்தின் கீழ் கணக்கில் வராது என்பது 1996-ஆம் ஆண்டுத் தீர்ப்பு. அரசு வழக்கறிஞரின் அறையில் ரோந்துக் காரின் காணொளியைப் பார்த்தபோது என் வாதமும் கரைந்தது. கார் பாதித் தடம் மாறிய பிறகுதான் என் இண்டிகேட்டர் மின்னத் தொடங்கியது.

நீதிபதியின் அனுமதியோடு, வழக்கைத் தள்ளுபடி செய்ய வழிவிடும் ஆறு மணிநேரப் பாதுகாப்பான ஓட்டுநர் பயிற்சியை இணையவழியில் முடித்துச் சான்றிதழை அனுப்பினேன். 2017-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பின் அந்தப் பயிற்சியில் போலீஸ் நிறுத்தினால் நடந்துகொள்ள வேண்டிய முறையும் சேர்க்கப்பட்டிருக்கிறது. காரிலிருந்து இறங்காதீர்கள், கைகளை ஸ்டியரிங்கின் மேல் வையுங்கள் என்று ஒரு குரல் நிதானமாகச் சொல்லிக்கொண்டிருந்தது, சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்த என் மனைவி, “இதை முதல்லயே சொல்லக் கூடாதா?” என்றாள்.