10.4 விநாடி: எந்தக் கடிகாரம், எத்தனை யார்?

கொழும்பில் ஒரு மெய்வல்லுநர் கழகம் பொன்விழா மலரோ வைரவிழா மலரோ போட வெளிக்கிட்டால், வாழ்த்துச் செய்திகள் முதலில் வந்து சேரும். தலைவர், செயலாளர் பெயர்களும் எப்படியோ தேறிவிடும். கடைசி வாரம் வரை இழுபடுவது சாதனைப் பட்டியல்தான். கழகம் என்ன செய்தது என்று சொல்லும் பக்கம் அது. அவசரத்தில் தட்டச்சுச் செய்தால் பொய்யாகிப் போகும் பக்கமும் அதுவே.

முதலில் அலகைப் பாருங்கள். பழைய போட்டிகள் பல யார் (கஜம்) என்ற நீள அலகில் நடந்தவை. 100 யார் என்பது 91.44 மீற்றர். 100 மீற்றருக்கு இன்னும் எட்டரை மீற்றர் ஓட வேண்டும். நல்ல ஓட்டக்காரருக்கு அது ஏறக்குறைய 0.9 விநாடி. ஆகவே 100 யாரில் ஓடிய 10.4, 100 மீற்றரில் 11.3 அளவில் வரும். அந்த 10.4ஐ மீற்றர் நிரலில் போட்டுவிட்டால் அது அசையாமல் உச்சியில் குந்தியிருக்கும். இன்று 10.8 ஓடும் பிள்ளை தன் கழகத்தின் சாதனையை முறியடித்தும் அறியாமல் போய்விடும். இது சின்னப் பிழை அல்ல.

இலங்கை ஓட்டவீரர் டங்கன் வைற் 1948 லண்டன் ஒலிம்பிக்கில் 400 மீற்றர் தடைதாண்டலை 51.8 விநாடியில் ஓடி வெள்ளி வென்றார். 1950இல் ஒக்லண்டில் அவர் தங்கம் வென்றது 440 யாரில், 52.5 விநாடி. 440 யார் என்றால் 402.34 மீற்றர், ஒப்பிடுவதற்கு 0.3 விநாடி கழிப்பது வழக்கம். ஆனால் கழித்த எண்ணைப் பட்டியலில் ஏற்றக்கூடாது. யார்க் கணக்குக்குத் தனி நிரல், மீற்றர்க் கணக்குக்குத் தனி நிரல் என்று பிரித்துப் போடுவதே நேர்மை.

பாய்தலில் மாற்றலாம், ஏனென்றால் அது நேரடி அளவு. அங்குலத்தை 2.54ஆல் பெருக்கி, சென்ரிமீற்றருக்குக் கீழே வரும் பின்னத்தை வெட்டிவிடுங்கள். 6 அடி 8 அங்குலம் 203.2 சென்ரிமீற்றர், அதாவது 2.03. யாழ் மத்திய கல்லூரியின் எதிர்வீரசிங்கம் 1958 டோக்கியோ ஆசிய விளையாட்டில் உயரம் பாய்தலில் தங்கம் வென்ற உயரமும் அதுதான். 5 அடி 10 அங்குலம் 177.8 வரும், அதை 1.78 என்று ஏற்றி எழுதினால் பின்னால் 1.78 பாய்ந்தவரின் சாதனை வெறும் சமப்படுத்தலாகிவிடும். 1.77 என்பதே சரி.

ஆகக் கூடுதலான குழப்பம் கையால் அமுக்கும் கடிகாரத்தில். முடிவுக்கோட்டில் நிற்கும் நேரக்கணிப்பாளர், ஓட்டத்தைத் தொடக்கும் துப்பாக்கியின் புகையைக் கண்டதும் அமுக்க வேண்டும். சத்தத்தைக் கேட்டு அமுக்கினால், 100 மீற்றர் தூரத்தைக் கடந்து ஒலி வருவதற்குள் 0.29 விநாடி போய்விடும், 11.5 ஓடியவருக்கு 11.2 விழும். மூன்று கடிகாரங்கள் மூன்று நேரம் காட்டினால் நடுவில் உள்ளது செல்லும், இரண்டு ஒத்துப்போனால் அந்த நேரம். இரண்டு கடிகாரங்களே இருந்து அவை வேறுபட்டால் பிந்திய நேரம். முழுப் பத்திலொன்றுக்குமேல் கொஞ்சம் மீந்தாலும் அடுத்த பத்திலொன்றுக்கு உயர்த்துவார்கள்: 11.01கூட 11.1தான். மின்னணு நேரத்தோடு ஒப்பிட 100, 200 மீற்றருக்கு 0.24, 400க்கு 0.14 கூட்டிப் பார்க்கலாம். அச்சில் மட்டும் மூல எண்ணும், பக்கத்தில் ‘கை’ அல்லது ‘மின்’ என்ற குறியும் போதும். தசமம் ஒன்று என்றால் கை, இரண்டு என்றால் மின் என்று ஊகிக்காதீர்கள். இலக்கக் கடிகாரம் வந்தபின் கையால் எடுத்த நேரத்தையும் இரண்டு தசமத்தில் எழுதிய முடிவுத்தாள்கள் உண்டு.

காற்று அளக்கப்பட்டிருந்தால் எழுதுங்கள், விநாடிக்கு 2.0 மீற்றருக்கு மேல் பின்காற்று இருந்தால் சாதனையாகாது. வெள்ளவத்தை, பம்பலப்பிட்டிப் பக்கத்து மைதானங்களில் பிற்பகல் கடற்காற்று மேற்கிலிருந்து வரும். ஓட்டம் எந்தத் திசையில் நடந்தது என்று தெரிந்தால் அதையும் குறித்து வைக்கலாம்.

எறிதலில் உபகரணம் மாறியதைக் கவனியுங்கள். ஆண்களின் ஈட்டி 1986இல் மாறியது: எடை அதே 800 கிராம், புவியீர்ப்பு மையம் மட்டும் 4 சென்ரிமீற்றர் முன்னே போனது. பெண்களின் ஈட்டி 1999இல் மாறியது. இரண்டுக்கும் பழையது, புதியது என்று தனித்தனி வரி வேண்டும். 16 இறாத்தல் குண்டு 7.26 கிலோ, 12 இறாத்தல் குண்டு 5.44 கிலோ, பிந்தியதை இன்றைய 5 கிலோவோடு சேர்க்க முடியாது.

இவையெல்லாம் எங்கே கிடைக்கும்? போட்டி நிகழ்ச்சி நிரல் புத்தகத்தில் ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் கீழே அப்போதைய சாதனை அச்சாகியிருக்கும். ஓரத்தில் யாரோ பென்சிலால் முடிவும் எழுதியிருப்பார். அச்சுப் பிழை அடுத்த ஆண்டுக்கும் அப்படியே தாவும் என்பதால் இரண்டு ஆண்டுப் புத்தகங்களை ஒப்பிடுங்கள். 1930இல் தொடங்கிய வீரகேசரியையும் 1932இல் தொடங்கிய தினகரனையும் கொழும்பு 7இல் தேசிய சுவடிகள் காப்பகத்தில் தேடலாம். போட்டித் திகதியைக் கையோடு கொண்டு போங்கள், இல்லாவிட்டால் நாள் முழுக்கப் பக்கம் புரட்ட வேண்டிவரும். பெயரில் இன்னொரு பொறி: அண்ணனுக்கும் தம்பிக்கும் தகப்பன் பெயரின் ஒரே முதலெழுத்து. பத்திரிகை சொந்தப் பெயரையும் சுருக்கியிருந்தால் இருவரும் ஒருவராகிவிடுவார்கள்.

கப்புகளில் தேய்ந்த எழுத்தை வாசிக்க பிராசோ போட்டுத் தேய்க்காதீர்கள். ஒவ்வொரு தேய்ப்பிலும் எழுத்து இன்னும் மெலியும். இருட்டறையில் டோர்ச்சைப் பக்கவாட்டில் தாழப் பிடித்தால் வெட்டு நிழல் கட்டித் தெரியும். அதிலும் தெரியாவிட்டால் மெல்லிய தாளை வைத்துப் பென்சிலைச் சரித்து உரசுங்கள்.

1983 ஜூலையில் வீடுகளோடு எரிந்துபோன அல்பங்களும் சான்றிதழ்களும் திரும்பி வரா. அந்த ஆண்டுகளின் வரிகளை நீக்கி இடைவெளியை மறைக்காமல், ஆண்டையும் நிகழ்ச்சியையும் போட்டுப் பெயரிடத்தை வெறுமையாக அச்சிடுங்கள். ரொறன்ரோவிலோ லண்டனிலோ ஒருவர் அந்த வெற்றிடத்தைப் பார்த்துவிட்டு, பெட்டிக்குள் கிடக்கும் பதக்கத்தைத் திருப்பி, பின்பக்கத்தைப் படமெடுத்து அனுப்பக்கூடும்.