பேப்பரில் போன ஐம்பது நிமிடம்

பாட்டுகளை எழுதி முடிக்க எட்டு மாதம் ஆனது. அதில் சொல்ல பெரிதாக ஒன்றுமில்லை. அதற்கப்புறம் வந்த மூன்று வாரம்தான் என்னைப் பிழிந்து எடுத்துவிட்டது. ஒரு இசை நாடகத்துக்கு மெட்டுப் போடுவது, வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதுவது, கண்டக்ட் செய்வது என்று மூன்றையும் நானே ஏற்றுக்கொண்டிருந்தேன். நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்குகளில் பெரும்பாலும் மெட்டு ஒருவருடையது, ஆர்க்கெஸ்ட்ரேஷன், அதாவது வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதுவது, இன்னொருவருடையது. அந்த நாடகங்களுக்குத் தரும் டோனி விருது 1947-லேயே தொடங்கியும் ஆர்க்கெஸ்ட்ரேஷனுக்கென்று தனி விருது 1997-ல்தான் வந்தது. எவ்வளவு பெரிய வேலையை இத்தனை காலம் யாரும் கண்டுகொள்ளவில்லை என்று இப்போது உறைக்கிறது.

முதல் ஆர்க்கெஸ்ட்ரா ஒத்திகை. கையில் இருந்தது மூன்றே மணி நேரம். நாலாவது பாரிலேயே (தாளக் கட்டத்திலேயே) காது கூசியது. வயலின் சரி, ஃப்ளூட் சரி, கிளாரினெட் மட்டும் ஒரு முழுச்சுரம் கீழே. நிறுத்திக் கேட்டேன். "சார், பேப்பர்ல இருக்கிறதைத்தான் வாசிக்கிறேன்" என்று ஷீட்டைத் திருப்பிக் காட்டினார். உண்மைதான். எழுத வசதியாக மென்பொருளில் எல்லாவற்றையும் கான்சர்ட் பிட்சில், அதாவது காதில் கேட்கும் சுரத்திலேயே, வைத்திருந்தேன், பிரிண்ட் எடுக்கும்போது மாற்ற மறந்துவிட்டேன். பி ஃபிளாட் கிளாரினெட் எழுதியதைவிட ஒரு முழுச்சுரம் கீழே ஒலிக்கும், அதனால் அதன் பேப்பரில் அந்த அளவு ஏற்றி எழுதவேண்டும். அடுத்த பாட்டில் அவரே எடுக்கவேண்டிய ஆல்டோ சாக்ஸ் ஒன்பது அரைச்சுரம் கீழே. திரும்ப பிரிண்ட் எடுத்து வர ஐம்பது நிமிடம் போனது. அத்தனை பேரும் வாத்தியத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த காட்சி இன்னும் கண்ணிலேயே நிற்கிறது.

இனி பேப்பரைக் கையில் வாங்கியதும் நான் பார்ப்பது ஒன்றைத்தான். வயலின் பேப்பரில் வரியின் தொடக்கத்தில் ஒரு ஷார்ப் (சுரத்தை அரைச்சுரம் ஏற்றும் குறி) இருந்தால் பி ஃபிளாட் கிளாரினெட்டில் மூன்று இருக்கவேண்டும். இரண்டிலும் ஒன்றே இருந்தால் மேடைக்குக் கொண்டுபோகாதீர்கள். முடிந்தால் வேறொருவர் கண்ணும் அதில் படட்டும். எழுதியவன் கண்ணுக்குத் தன் தப்பு தெரிவதில்லை.

அரங்கேற்றத்துக்கு நாலு நாள் முன்பு கதாநாயகி தொண்டையைப் பிடித்துக்கொண்டு வந்தார். "ஒன்றரைக் கட்டை இறக்க முடியுமா?" மென்பொருளில் அது இரண்டு கிளிக். ஆனால் ஏ சுரம் வரை இறங்கியிருந்த வயலின் வரி எஃப் ஷார்ப்புக்குப் போய்விட்டது. வயலினின் கடைசித் தந்தியே ஜிதான். அதற்குக் கீழே சுரமே கிடையாது. அந்த இரவு முழுக்க ஒவ்வொரு பாராகப் பார்த்து, வயலினுக்கு எட்டாததையெல்லாம் செல்லோவிடம் கொடுத்தேன். காலை ஆறு மணிக்கு முடிந்தது. செல்லோவில் அது இன்னும் நன்றாகவே இருந்தது.

இன்னொரு பாட்டில் ஒரே ஆள் ஃப்ளூட்டை வைத்துவிட்டு கிளாரினெட் எடுக்க இரண்டு பார் விட்டிருந்தேன். அந்த வேகத்தில் அது நாலே நொடி. வாசிப்பவருக்கும் இரண்டு கைதானே. எட்டு பாராக மாற்றினேன்.

வசனத்துக்கு அடியில் வரும் இரண்டு பார் வேம்ப்பை மட்டும் முதலிலிருந்தே ஒழுங்காகக் குறித்திருந்தேன்: வசனம் முடியும்வரை திரும்பத் திரும்ப, நான் இடது கையைத் தூக்கினால் அடுத்த பார். முதல் நாள் மேடையில் நடிகருக்கு வசனம் மறந்துபோனது. ஒத்திகையில் நாலு தடவை சுற்றிய வேம்ப் அன்று பதினோரு தடவை சுற்றியது. யாரும் ஷீட்டைப் பார்க்கவில்லை, எல்லார் கண்ணும் என் கையில். அவருக்கு வரி ஞாபகம் வந்து கடைசிச் சொல் விழுந்ததும் கையைத் தூக்கினேன். பன்னிரண்டு பேரும் ஒன்றாக அடுத்த பாருக்குள் வந்தார்கள்.