எழுத்து ஒன்று, நாவுகள் பல: லடாக் நாட்குறிப்பு

2025 ஜூன் 19, லே

லடாக் ஒன்றியப் பகுதிக்கான ஆட்சிமொழி ஒழுங்குமுறை இம்மாதத் தொடக்கத்தில் வெளியாகியிருக்கிறது. ஆங்கிலம், இந்தி, உருது, போதி, புர்கி ஆகிய ஐந்தும் இனி இங்கே ஆட்சிமொழிகள். இவற்றில் கடைசி இரண்டும் திபெத்திய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தவை. 2011 கணக்கெடுப்பின்படி 2,74,289 பேர் மட்டுமே வாழும் ஒரு நிலப்பரப்பில், பிறந்த வீட்டில் கேட்ட மொழிக்கு அரசாணையில் இடம் கிடைத்திருப்பது சிறிய செய்தி அன்று.

புர்கி என்ற பெயரில் குழப்பம் இல்லை. அது கார்கில் பக்கத்து மக்களின் பேச்சு. போதி என்ற பெயர்தான் என்னை யோசிக்க வைக்கிறது. லே நகரத்துச் சந்தையில் பேசப்படும் லடாக்கியை அது குறிக்கிறதா, மடாலயங்களில் ஓதப்படும் பழந்திபெத்திய நூல் மொழியைக் குறிக்கிறதா, இரண்டையும் சேர்த்துக் குறிக்கிறதா என்று மூவரைக் கேட்டால் மூன்று விடைகள் வருகின்றன. இந்தக் கோடை முழுவதும் இங்கே தங்கி லடாக்கி கற்கவிருக்கிறேன். கற்பதோடு, இந்தக் கேள்வியையும் விடாமல் பின்தொடர விரும்புகிறேன்.

2025 ஜூன் 22, லே

முதலில் பரப்பைச் சொல்லிவிட வேண்டும். 'திபெத்திய மொழி' என்று ஒருமையில் சொல்வது வழக்கமாகிவிட்டாலும், பாகிஸ்தானின் பால்டிஸ்தான் தொடங்கி, லடாக், ஸ்பிட்டி, நேபாளத்தின் வடபுலம், சிக்கிம், பூட்டான் வழியாகத் திபெத்திய மேட்டுநிலம் முழுவதும் பரவி, சீனத்தின் சிசுவான், கான்சு மாகாணங்கள் வரை நீளும் இந்தப் பரப்பில் பல மொழிகள் இருக்கின்றன. ஏறத்தாழ 50 மொழிகள், 200க்கு மேற்பட்ட வட்டார வழக்குகள் என்பது பிரெஞ்சு மொழியியலாளர் நிக்கொலா தூர்னாத்ரின் மதிப்பீடு. பால்ட்டி, லடாக்கி, செர்ப்பா, சிக்கிமின் தெஞ்சோங், பூட்டானின் தேசிய மொழியான சோங்கா, லாசா மொழி, திபெத்தின் கிழக்கிலுள்ள காம், வடகிழக்கிலுள்ள அம்தோ வட்டாரங்களின் மொழிகள் ஆகியவை அவற்றுள் நன்கு அறியப்பட்டவை. அம்தோவின் மேய்ச்சல்காரர் ஒருவரும் பால்ட்டி உழவர் ஒருவரும் எதிரெதிரே அமர்ந்தால் எண்களையும் உடலுறுப்புப் பெயர்களையும் கொண்டு சற்று நேரம் தடவிப் பார்க்கலாமே தவிர, உரையாட இயலாது.

இவை அனைத்துக்கும் தாயான பழந்திபெத்தியம் 7ஆம் நூற்றாண்டில் எழுத்துப் பெற்றது. மன்னர் சோங்சென் கம்போவின் அமைச்சரான தொன்மி சம்போட்டா இந்தியாவுக்கு வந்து கற்றுச் சென்று எழுத்தை வகுத்தார் என்பது மரபுவழிச் செய்தி. பிராமியின் வழிவந்த 30 மெய்யெழுத்துகளும் நான்கு உயிர்க்குறிகளும் கொண்டது அது. லாசாவில் இன்றும் நிற்கும் 821-822 ஆண்டுகளின் திபெத்-சீன உடன்படிக்கைத் தூணில் உள்ள எழுத்தையும், இன்று லேயில் ஒரு பள்ளிக் குழந்தை எழுதும் எழுத்தையும் அருகருகே வைத்தால், சொற்களின் எழுத்துக்கூட்டல் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கும். பன்னிரண்டு நூற்றாண்டுகளில் நாவுகள் எங்கெங்கோ சென்றுவிட்டன. எழுத்து இருந்த இடத்திலேயே இருக்கிறது.

இன்று பாடத்தில் வந்த ஒரு சொல்: 'நிறைவேற்றியது' என்ற பொருளுடைய வினைவடிவம். நடுவில் 'க' வரிசை எழுத்து, அதன் தலைமேல் 'ஸ', காலடியில் 'ர', முன்னால் 'ப', பின்னால் மீண்டும் 'ப', அதன்பின் 'ஸ', இவற்றோடு உகரக் குறி. ஒரே அசைக்குள் ஆறு மெய்கள். லாசாவில் இதை வாசிப்பவர் 'டுப்' என்று முடித்துவிடுவார்.

2025 ஜூன் 28, லே

நான் தங்கியிருக்கும் வீட்டின் அம்மையாரை எல்லோரையும் போல நானும் 'அமா-லே' என்றே அழைக்கிறேன். பெயரோடும் உறவுமுறையோடும் சேரும் இந்த 'லே' மரியாதை விகுதி. அது இல்லாமல் பெரியவர்களை விளிப்பது இங்கே முரட்டுத்தனம். உப்பும் வெண்ணெயும் சேர்த்துக் கடைந்த தேநீரை என் முன் வைத்துவிட்டு அவர் கேட்டது: "சா ஷிம்போ ரகா?" தேநீர் சுவையாக இருக்கிறதா என்பது பொருள். இந்தச் சிறு வாக்கியத்தின் கடைசிச் சொல்லில் லடாக்கி இலக்கணத்தின் மிக நுட்பமான பகுதி அடங்கியிருக்கிறது.

'இருக்கிறது' என்று சொல்ல லடாக்கியில் ஒரு சொல் போதாது. கண்ணால் கண்டு அறிந்ததற்குத் 'துக்'. தொட்டோ, முகர்ந்தோ, சுவைத்தோ, உடலுக்குள் உணர்ந்தோ அறிந்ததற்கு 'ரக்'. தன் வீடு, தன் பொருள், தன் சுற்றம் என்று முன்பே தனக்கு உறுதியாகத் தெரிந்ததற்கு 'யோத்'. அமா-லேயின் பேரன் தங்கள் வீட்டு ஆடுகளைப் பற்றிச் சொல்லும்போது 'யோத்' என்கிறான். அடுத்த வீட்டுக் கொட்டிலில் எட்டிப் பார்த்த ஆடுகளுக்குத் 'துக்' என்கிறான். எதையும் யாரும் அவனுக்கு விதியாகச் சொல்லிக்கொடுக்கவில்லை. எந்த வழியில் ஒன்றை அறிந்தோம் என்பதைச் சொல்லாமல் வாக்கியத்தை முடிக்கவே முடியாத மொழியில் அவன் வளர்கிறான். பிறர் சொல்லக் கேட்டதை 'மழையாம்' என்று ஓர் ஈற்றில் காட்டும் நமக்கு இது முற்றிலும் அந்நியமான எண்ணம் இல்லை என்றாலும், நாம் விரும்பினால் அதை விட்டுவிடலாம். இவர்களுக்கு அந்த விருப்பம் இல்லை.

கேள்வியில் இது இன்னும் அழகாக வேலை செய்கிறது. தேநீரைக் குடித்தவன் நான். சுவையை அறிந்தவனும் நானே. ஆகவே என் விடையில் வரவேண்டிய 'ரக்' அமா-லேயின் கேள்வியிலேயே வந்துவிடுகிறது. கேட்பவர், விடை சொல்பவரின் இடத்தில் நின்று கேட்கிறார்.

லாசா மொழியில் கண்ணுக்கும் நாவுக்கும் இந்தப் பிரிவு கிடையாது. இரண்டுக்கும் 'துக்' என்பதே போதும். பழந்திபெத்திய நூல்களிலோ இத்தகைய ஒழுங்கமைப்பு இன்னும் முழுமையாக உருவாகியிருக்கவில்லை. ஆகவே இது முன்னோர் வைத்துவிட்டுப் போன சொத்து என்று சொல்வதற்கில்லை. பேசியவர்கள் தங்கள் பேச்சிலேயே, நூல்களின் துணையின்றி, தலைமுறை தலைமுறையாக வளர்த்தெடுத்தது. பேச்சுமொழியைக் 'கெட்டுப்போன நூல்மொழி' என்று கருதும் அறிஞர்களை இங்கே சந்திக்கிறேன். அவர்களிடம் 'ரக்' என்ற இந்தச் சொல்லை எடுத்துக்காட்டவே எனக்குத் தோன்றுகிறது.

2025 ஜூலை 4, துர்துக்

ஷியோக் ஆற்றின் கரையில், எல்லைக் கோட்டுக்கு மிக அருகில் இருக்கிறது இந்த ஊர். 1971 போர் வரை பாகிஸ்தானின் ஆட்சியில் இருந்தது. இங்கே பேசப்படுவது பால்ட்டி, பேசுபவர்கள் முஸ்லிம்கள். ஆற்றின் போக்கில் கீழே சென்றால் பாகிஸ்தானின் ஸ்கார்டு பக்கம் இதே மொழிதான், ஆனால் இவர்களால் அங்கே போக முடியாது. உறவினர்கள் அந்தப் பக்கம் இருக்கும் வீடுகள் பல.

வாதுமைத் தோட்டத்துக்குள் அமர்ந்து முதியவர் ஒருவரிடம் சொற்களைக் கேட்டு எழுதிக்கொண்டேன். இரத்தம் என்பதற்குத் திபெத்திய எழுத்தில் 'க்ரக்' என்று எழுதுவார்கள். லாசாவிலும் லேயிலும் முதலிலுள்ள இரு மெய்களும் உருகி ஒரு நாமடி ஒலியாகி 'டக்' என்று ஆகிவிட்டது. இந்த முதியவர் தெளிவாக 'க்ரக்' என்கிறார். கத்திக்குரிய 'க்ரி' என்ற சொல்லும் அவ்வாறே. விண்மீனுக்குரிய 'ஸ்கர்மா' லேயிலும் இங்கேயும் 'ஸ்' ஒலியோடு இருக்க, லாசாவில் 'கர்மா' என்று குறைந்துவிட்டது.

லாசாவில் இழந்த மெய்களுக்கு ஈடாக ஒலியின் ஏற்ற இறக்கம் வந்தது. 'நான்' என்பதும் 'ஐந்து' என்பதும் அங்கே ஒரே 'ஙா'தான். ஆனால் ஐந்து உயர்ந்த குரலில் ஒலிக்கும், நான் தாழ்ந்த குரலில் ஒலிக்கும். ஐந்தின் எழுத்தில் 'ங' மேல் இன்றும் ஒரு 'ல' நிற்கிறது. ஒலி போனபின் அதன் தடம் குரலின் உயரத்தில் தங்கிவிட்டது. சோங்காவிலும் செர்ப்பாவிலும் இத்தகைய தொனி உண்டு. பால்ட்டி, லடாக்கி, அம்தோ ஆகிய ஓரத்து மொழிகளில் மெய்கள் பலவும் எஞ்சியிருப்பதால் தொனி பிறக்கவில்லை.

பால்ட்டி மக்கள் இஸ்லாத்தைத் தழுவியபின் திபெத்திய எழுத்தைப் படிப்படியாகக் கைவிட்டுப் பாரசீக எழுத்துக்கு மாறினார்கள். எந்த எழுத்தை அவர்கள் நூற்றாண்டுகளாகப் பார்க்கவில்லையோ, அந்த எழுத்தின் ஒலிகளை மற்ற எவரையும்விட நிறைவாகக் காத்து வைத்திருப்பவர்களும் அவர்களே. முதியவர் கேசர் மன்னன் காவியத்திலிருந்து சில அடிகளைப் பாடிக் காட்டினார். அதே கேசரை லடாக்கின் பௌத்தர்களும் பாடுகிறார்கள், அம்தோவிலும் பாடுகிறார்கள்.

2025 ஜூலை 6, லே

திரும்பி வந்துவிட்டேன். சாலை மோசம். எழுத வேறொன்றும் இல்லை.

2025 ஜூலை 10, லே

போதி பற்றிய கேள்விக்கு வருகிறேன். இங்கே 'சோஸ்-ஸ்கத்' என்று அறமொழியையும் 'பல்-ஸ்கத்' என்று பொதுமக்கள் மொழியையும் பிரித்துச் சொல்கிறார்கள். பள்ளிப் பாடநூல்கள் பெரும்பாலும் முதல் வகையை ஒட்டியவை. வீட்டில் ஒரு குழந்தை சொல்லும் வினைமுற்று அதில் இல்லை, வேற்றுமை உருபு வேறு, எழுத்துக்கூட்டல் வேறு. போதாக்குறைக்கு, நெடுங்காலம் இங்கே ஆரம்ப வகுப்புகள் உருதுவிலும் மேல்வகுப்புகள் ஆங்கிலத்திலும் நடந்தன. பிள்ளைகள் எந்த மொழியிலும் ஊன்றாமல் தேர்வில் தோற்ற அந்த நிலையை மாற்றவே 1988இல் செக்மோல் என்ற மாணவர் இயக்கம் தொடங்கப்பட்டது.

பேசுவதை அப்படியே எழுதலாம் என்று சொல்பவர்கள்மீது கடும் எதிர்ப்பு உண்டு. எதிர்ப்பவர்களின் அச்சம் எனக்குப் புரிகிறது. லாசா, அம்தோ, காம், பூட்டான், சிக்கிம் என்று எங்கும் கற்றோரை இணைப்பது அந்த மாறாத எழுத்துமொழி ஒன்றே. கர்நாடகத்தின் பைலகுப்பேயிலும் முண்டுகோடிலும் உள்ள மடாலயங்களில் கற்கச் செல்லும் லடாக்கித் துறவிகள், வெவ்வேறு வட்டாரத்தாரோடு ஒரே நூலைப் படிப்பது அதனால்தான். அந்தக் கயிற்றை அறுத்துவிடுவோமோ என்று ஒரு மூத்த ஆசிரியர் என்னிடம் கவலையோடு சொன்னார்.

என்றாலும் என் முடிவு மறுபக்கம் சாய்கிறது. எழுத்தையும், சொல்வேரின் பழைய எழுத்துக்கூட்டலையும் காத்துக்கொண்டே, வினைமுற்றுகளையும் உருபுகளையும் மக்கள் பேசுவது போல எழுதுவதில் எந்தக் கயிறும் அறுவதில்லை. பூட்டான் இதைச் செய்திருக்கிறது. 1971இல் தேசிய மொழியாக்கப்பட்ட சோங்கா, அதே எழுத்தில், தன் சொந்த இலக்கணத்தோடு, செய்தித்தாளிலும் அரசு ஆவணங்களிலும் நடக்கிறது. 'துக்', 'ரக்', 'யோத்' மூன்றையும் பிரித்தறியும் ஆறு வயதுக் குழந்தையிடம், நீ பேசுவது எழுதத் தகாதது என்று முதல் வகுப்பிலேயே சொல்வது அநீதி. நூல்மொழி பத்து வயதில் வரட்டும், பன்னிரண்டில் வரட்டும். தன் சொல்லை எழுதத் தெரிந்த குழந்தைக்கு அது எளிதாகவே வரும்.

2025 ஜூலை 13, லே

நூலகத்தில் ஒரு மகிழ்ச்சி. திபெத்தியக் கவிதையியலின் அடிப்படை நூலான 'ஸ்ஞன்-ஙக் மெலோங்', தண்டியாசிரியரின் காவ்யாதர்சத்தின் மொழிபெயர்ப்பு. 13ஆம் நூற்றாண்டில் திபெத்தியத் துறவி அறிஞரான சாக்கிய பண்டிதர் அதனை அறிமுகப்படுத்த, பின்னர் முழுமையாக மொழிபெயர்க்கப்பட்டது. தண்டி காஞ்சியில் பல்லவர் காலத்தில் வாழ்ந்தவர். அதே நூலைத் தழுவியதே நம் தண்டியலங்காரம். உவமை அணியின் வகைகளை லாசாவின் துறவி மாணவரும் தமிழ் மாணவரும் ஒரே மூலத்திலிருந்து மனனம் செய்திருக்கிறார்கள்.

2025 ஜூலை 18, கேலாங்

மலைப்பாதையில் இறங்கி இமாச்சலப் பிரதேசத்தின் லாஹௌலுக்கு வந்திருக்கிறேன். இங்கே 1857இல் வந்து சேர்ந்த மொரேவியக் கிறித்தவ மறைப்பணியாளர் ஹைன்ரிக் ஆகுஸ்ட் யேஷ்கே, 1881இல் வெளியான தம் திபெத்திய அகராதியில், ஒரே சொல் எந்தெந்த வட்டாரத்தில் எப்படி ஒலிக்கிறது என்பதை ஒப்பிட்டு அட்டவணையாகத் தந்தார். நூல்மொழி அகராதி ஒன்றில் மேற்கே பால்டிஸ்தான் வரையிலான உழவர்களின் உச்சரிப்புக்கும் இடம் தந்த அந்தப் பெருந்தன்மைக்காகவே கேலாங்கைப் பார்க்க ஆசைப்பட்டேன்.

ஆனால் இந்த ஊரின் சொந்தமொழி திபெத்தியக் கிளை அன்று. பாகா ஆற்றோரம் பேசப்படும் புனான், சந்திரா ஆற்றோரத்துத் தினானி, பட்டணி, தெற்கே கின்னௌரி ஆகியவை திபெத்திய-பர்மிய மொழிக் குடும்பத்தின் மேற்கு இமாலயக் கிளை. மேற்குத் திபெத்தில் மறைந்துபோன ஷாங்ஷுங் மொழியை இவற்றின் உறவாகக் கருதுகிறார்கள். நேபாளத்தின் தமாங், குருங், நெவாரி, லிம்பு, சிக்கிமின் லெப்சா, கிழக்குப் பூட்டானின் திஷாங்லா ஆகியவையும் இப்படித்தான்: திபெத்தியத்துக்குத் தாயாதி முறை, மகள் முறை இல்லை. அவற்றுள் லெப்சா, லிம்பு, நெவாரி ஆகியவை தமக்கெனத் தனி எழுத்துகள் கொண்டவை.

பட்டணியில் வினைச்சொல் எழுவாய்க்கேற்ப மாறுகிறது. நான், நீ, அவர் என்பது வினையிலேயே தெரியும். திபெத்தியத்தில் அது அறவே கிடையாது. புனானிலோ, இத்தகைய இடப்பாகுபாடு சில காலங்களில் எஞ்சியும், வேறு சில காலங்களில் 'எந்த வழியில் அறிந்தது' என்ற திபெத்தியப் பாகுபாட்டுக்கு இடம் விட்டும் நிற்கிறது. அண்டை மொழியின் சொற்களைக் கடன் வாங்குவது எங்கும் நடப்பது. உலகை அறியும் வகைகளையே வினைமுற்றின் வழியாக வாங்கிக்கொண்ட மொழியை நான் இதற்குமுன் கண்டதில்லை. பேருந்து நிலையத்தின் அருகே கடை வைத்திருக்கும் புனான் பேசும் ஒருவர், நாளை காலை தம் தாயாரிடம் அழைத்துச் செல்வதாகச் சொல்லியிருக்கிறார். இறந்தகால வினைகளை மட்டும் வரிசையாகக் கேட்கவேண்டும் என்று பட்டியல் எழுதி வைத்திருக்கிறேன்.