நீலிக்கடல் குறிப்புகள்: யாமப்பிசின்

ஜூன் 4

நாவலின் கடலுக்கு நீலிக்கடல் என்று பேர் வைத்து வரைபடமும் போட்டாயிற்று. இனி அதில் கிடைக்கப்போகும் சரக்கு. அது ஒரு பிசின், யாமப்பிசின். கொளுத்தினால், புகை எட்டும் இடம் வரைக்கும் காலம் மெதுவாக நகரும். வெளியே பத்து மணி நேரம் போனால் புகைக்குள் ஒரு மணி நேரம்தான். மந்திரம் இவ்வளவுதான். இதற்கு மேல் சாபம், வரம், கிழட்டு மந்திரவாதி யாருக்கும் கதையில் இடம் கிடையாது. மீதியெல்லாம் கணக்கு.

ஜூன் 5

எங்கிருந்து கிடைக்கும்? முதலில் நினைவுக்கு வந்தது அம்பர்கிரிஸ். ஸ்பெர்ம் திமிங்கலத்தின் குடலில் உருவாகி, புதிதாக வெளிவரும்போது கறுத்து நாறும். வருடக்கணக்கில் உப்பிலும் வெயிலிலும் மிதந்த பிறகு வெளுத்து மணக்கும். ஆனால் திமிங்கலம் எல்லாக் கடல் கதையிலும் வருகிறது. சிப்பி போதும். 2006இல் ஐஸ்லாந்துக்கு அருகே எடுத்த ஒரு சிப்பியின் ஓட்டு வளையங்களை எண்ணியதில் வயது 507 என்று வந்தது. அது பிறந்தபோது சீனாவில் மிங் வம்ச ஆட்சி என்பதால் அதற்கும் மிங் என்றே பேர். அப்படிப்பட்ட கிழச்சிப்பிகள் நீலிக்கடலின் அடியில் கசியவிடுவதுதான் பிசின். ஓட்டில் எத்தனை வளையமோ அத்தனை விலை. வளையத்தை அரம் வைத்துக் கீறிப் போலி விற்கிறவர்களும் இருப்பார்கள். இருக்காமல் எப்படி?

ஜூன் 9

யார் வாங்குவார்கள்? கப்பல் முதலாளிகள்தான். பாய்மரக் கப்பலின் பெரிய தலைவலி குடிதண்ணீர். காற்று வெளியே இருந்து தள்ளுகிறது, கப்பல் தன் வேகத்தில் போகிறது, உள்ளே இருப்பவர்களுக்கு மட்டும் நேரம் குறைவு. முப்பது நாள் பயணத்துக்கு மூன்று நாள் தண்ணீர், மூன்று நாள் அரிசி. மிச்ச இடத்தில் மிளகு ஏற்றலாம்.

ஜூன் 10

ராத்திரி தூக்கம் வரவில்லை, வெயில்தான் காரணம். பத்து மணி நேர வெயில் புகைக்குள் ஒரு மணி நேரத்தில் வந்து விழும். அதாவது பத்து மடங்கு சூடு. மாலுமி கருகிப்போவான். கப்பல் பத்து நொடிக்கு ஒருமுறை ஆடினால், உள்ளே இருப்பவனுக்கு நொடிக்கு ஒருமுறை ஆடும். குடல் வெளியே வந்துவிடும். அலையின் ஓசைகூட விசில் மாதிரி ஏறிவிடும்.

சரி, பகலில் கொளுத்தக்கூடாது. ராத்திரியில் மட்டும், அதுவும் கடல் அடங்கியிருந்தால். பன்னிரண்டு மணி நேர இரவு 72 நிமிடமாகிவிடும். முப்பது நாள் பயணம் பதினாறரை நாளாகக் கழியும். முதலாளிக்கு லாபம் குறைந்தது. எனக்குக் கதை கூடியது.

ஜூன் 14

கடிகாரம். நடுக்கடலில் தீர்க்கரேகை, அதாவது கிழக்கு மேற்காக எங்கே இருக்கிறோம் என்பது, கண்டுபிடிக்கப் புறப்பட்ட ஊரின் நேரம் தெரிந்திருக்க வேண்டும். அதையும் கப்பல் நிற்கும் இடத்தில் சூரியன் காட்டும் நேரத்தையும் ஒப்பிட்டுத்தான் கணக்கு. பூமி நான்கு நிமிடத்துக்கு ஒரு பாகை சுழல்கிறது. நிலநடுக்கோட்டில் அது சுமார் 111 கிலோமீட்டர். இந்தப் பிரச்சினைக்குத் தீர்வு கேட்டு 1714இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் 20,000 பவுண்டு வரை பரிசு அறிவித்தது. தச்சுவேலை தெரிந்த ஜான் ஹாரிசன், கடலில் பிசகாத கடிகாரத்துக்காக ஆயுளில் பெரும்பகுதியைச் செலவிட்டார். நீலிக்கடல் உள்ள உலகமும் நம் பூமி மாதிரியே சுழல்கிறது என்று வைத்துக்கொண்டேன். பிசின் எரிந்த ஒரே இரவில் கப்பல் கடிகாரம் 10 மணி 48 நிமிடம் பின்தங்கும். 162 பாகை! கிட்டத்தட்ட பாதி உலகம் தள்ளிப்போய்விடும். ஹாரிசன் பார்த்தால் அழுதிருப்பார்.

ஆகவே கடிகாரம் புகைக்கு வெளியே இருக்க வேண்டும். சுக்கானும்தான், பத்து மடங்கு வேகத்தில் புரளும் அலைக்கு எவன் சுக்கான் பிடிப்பான்? பின்தளத்தில், காற்று வரும் பக்கத்தில், ஒருவன் வெளியே நின்றே ஆகவேண்டும். அவனுக்கு வெளிக்காவல் என்று பேர் வைத்திருக்கிறேன். மற்றவர்கள் 72 நிமிடம் கண்ணயர்ந்து எழுவதற்குள் அவன் முழு இரவையும் தனியாக விழித்துத் தீர்க்கிறான்.

ஜூன் 15

கதாநாயகன் அவன்தான். இதுவரை எழுதிய இளவரசனைத் தூக்கிவிட்டேன். நல்ல பையன்தான், வேறு எதிலாவது வரட்டும்.

ஜூன் 21

வெளிக்காவலுக்கு ஓர் அண்ணன். இருவரும் ஒரே கப்பலில். அண்ணன் புகைக்குள், நான்கு வயது இளைய தம்பி வெளியே. ஒரு கடலிரவுக்கு 10.8 மணி நேர வித்தியாசம். வருடத்தில் 200 இரவு கடலில் என்றால் 90 நாள். பதினாறு வருடம் சொச்சத்தில் தம்பி அண்ணனை எட்டிப்பிடித்துவிடுவான். அப்புறம் தாண்டுவான். அன்றைக்கு அப்பாவின் வீட்டில் மூத்தவன் பங்கு யாருக்கு? ஊர்ப் பெரியவர்கள் பிறந்த வரிசையைப் பார்ப்பார்களா, நரையைப் பார்ப்பார்களா? அண்ணன் மனைவி என்ன பேசுவாள் என்பது எனக்கு இப்போதே காதில் கேட்கிறது.

ஜூன் 23

கூலிச் சண்டையும் எழுதியாக வேண்டும். புகைக்குள் இருந்தவர்களுக்கு முதலாளி பதினாறரை நாள் கூலிதான் தருகிறார். வாழ்ந்த நாளுக்குத்தான் சம்பளம் என்பது அவர் வாதம். வீட்டில் பெண்டாட்டி முப்பது நாள் அடுப்பு எரித்திருக்கிறாள், அந்தக் கணக்கை யார் பார்ப்பது என்பது அவர்கள் கேள்வி. அதே வாதப்படி வெளிக்காவலுக்கு முப்பது நாள் தரவேண்டும். ஆனால் அவனிடம் பேச்சு மாறுகிறது: "கப்பலுக்கு ஒரே கணக்குத்தான், எல்லாருக்கும் பதினாறரை." துறைமுகக் கணக்கரிடம் இரண்டு பேரேடு இருக்கிறது, ஒன்று கரை நாள், ஒன்று புகை நாள். முதலாளி எப்போதும் தனக்குச் சாதகமான பேரேட்டைத்தான் திறக்கச் சொல்கிறார்.

நாளை முதல் அத்தியாயம். துறைமுகம், கூலி நாள், தம்பி மேசைமுன் நிற்கிறான்.