கேட்டலிஸ்ட் பாட்டிலும் ஏ.ஆர். காப்பியும்

தம்பி நன்றாக இருக்கிறான். கஞ்சி, குழைந்த சோறு வரை வந்துவிட்டான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இனி வருவது பெரும்பாலும் புலம்பல்தான்.

அவன் பாம்பனில் கடலுக்குப் போகிறவன். போகாத நாட்களில் பைபர் வள்ளம் பூசுகிற பட்டறையில் வேலை. தடைக்காலத்தில் விசைப்படகெல்லாம் கரையேறிக் கிடக்க, கடற்கரை முழுக்க ஒட்டும் பூச்சும் நடக்கும். பைபரை ஒட்டுகிற பிசின்தான் ரெசின். அந்த டிரம்மோடு, அதை இறுக வைக்கிற கேட்டலிஸ்ட் என்ற திரவம் தனியாக ஒரு கேனில் வரும். ஒரு கிலோ ரெசினுக்கு 10, 20 மில்லி இருந்தால் போதும் என்பதால் அதைத் தண்ணீர் பாட்டிலில் பிரித்து வைத்துக்கொண்டு மூடியால் அளந்து ஊற்றுவார்கள். நான் பார்த்த பட்டறைகளில் எல்லாம் இதே வழக்கம்தான். பார்வைக்குத் தண்ணீர் மாதிரியே இருக்கும். பக்கத்திலேயே குடிக்கிற தண்ணீரும் அதே கம்பெனி பாட்டிலில், அதே நீல மூடியோடு. மதிய வெயிலில் வந்தவன் எடுத்து அண்ணாந்து ஊற்றிக்கொண்டான். துப்புவதற்குள் ஒரு மடக்கு உள்ளே போய்விட்டது.

நான் போய்ச் சேரும்போது அவனைச் சுற்றிப் பத்துப் பேர், கையில் பத்து வைத்தியம். ஒருவர் உப்புத் தண்ணீர் கரைத்துக்கொண்டிருந்தார். இன்னொரு பெரியம்மா புளியைப் பிசைந்து வைத்திருந்தார். "தொண்டைக்குள்ள விரல விட்டு வாந்தி எடுக்க வைங்கப்பா" என்று ஒரே சத்தம். அவன் வாயெல்லாம் வெளுத்து, எச்சிலை விழுங்க முடியாமல் வடியவிட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

நான் நண்டு, இறால் ஏற்றுமதி செய்கிற கம்பெனியில் கணக்கு எழுதுகிறேன். குளிர்பதன அறைக்கு அமோனியா ஓடுவதால் அங்கே சுவரில் அவசர எண்கள் ஒட்டியிருக்கும். அதிலிருந்து ஒரு எண்ணை எப்போதோ போனில் ஏற்றி வைத்திருந்தேன்: 1800 116 117. டெல்லி எய்ம்ஸில் இருக்கிற தேசிய விஷத் தகவல் மையம். 1995-லிருந்து இருக்கிறது, 24 மணி நேரமும் எடுப்பார்கள், கட்டணம் இல்லை. நம் பக்கம் இப்படி ஒன்று இருப்பதே பெரும்பாலானவர்களுக்குத் தெரியாது. 108-க்குத் தம்பி பெஞ்சாதியைக் கூப்பிடச் சொல்லிவிட்டு நான் இதைக் கூப்பிட்டேன்.

எதிரே பேசியவர் பதறவில்லை. எனக்கு அதுவே பாதி தைரியம். வயது என்ன, எடை என்ன, எவ்வளவு உள்ளே போயிருக்கும், எத்தனை மணிக்கு, வாந்தி எடுத்தானா, மூச்சு விடும்போது சத்தம் வருகிறதா, எச்சில் வடிகிறதா, இதுவரை என்ன கொடுத்தீர்கள் என்று இங்கிலீஷில் ஒவ்வொன்றாகக் கேட்டார். பிறகு, என்ன குடித்தான்? "கேட்டலிஸ்ட்" என்றேன். அது வேலையின் பெயர், பொருளின் பெயர் வேண்டும் என்றார். அவன் குடித்த பாட்டிலில் மினரல் வாட்டர் லேபிள்தான் இருக்கிறது!

பட்டறைப் பையனை அசல் கேனைப் பார்த்துப் போட்டோ அனுப்பச் சொன்னேன். முதலில் ரெசின் டிரம்மை எடுத்து அனுப்பினான். திட்டியதும் அடுத்து வந்தது ரெசின் இறுகுவதை வேகப்படுத்துகிற ஆக்சிலரேட்டர் டப்பா, அதில் ஊதா நிறத்தில் கோபால்ட் இருக்கும். இந்த ஆக்சிலரேட்டரையும் கேட்டலிஸ்ட்டையும் நேரடியாகக் கலந்தால் வெடித்துத் தீப்பிடிக்கும் என்று வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே எல்லாப் பையன்களுக்கும் சொல்லிக்கொடுக்கிறார்கள். எந்த டப்பா எது என்று மட்டும் லேபிளைப் படிக்கச் சொல்லிக்கொடுக்கவில்லை. மூன்றாவதாகச் சரியான படம் வந்தது: மெத்தில் எத்தில் கீட்டோன் பெராக்ஸைடு. ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னேன்.

அவர் குரல் அப்போதுதான் கொஞ்சம் இறுகியது. இது போகிற வழியெல்லாம் புண்ணாக்குகிற சாதி. வாந்தி எடுக்க வைத்தால் அதே வழியில் இரண்டாவது தடவை பொசுக்கிக்கொண்டு வரும். உப்பு, புளி, எலுமிச்சை எதுவும் கூடாது. வாயைக் கொப்பளித்துத் துப்பட்டும், வேறு எதுவும் வாய்வழியாகக் கொடுக்காதீர்கள். ஆஸ்பத்திரியில் டியூப் விட்டு வயிற்றைக் கழுவக் கூடாது, விஷத்தை உறிஞ்சக் கொடுக்கிற மருந்துக் கரியும் கொடுக்கக் கூடாது. எண்டாஸ்கோபி, அதாவது கேமரா வைத்த குழாயை உள்ளே விட்டுப் பார்க்கிற வசதி, இருக்கிற இடத்துக்கு 24 மணி நேரத்துக்குள் போக வேண்டும். இதற்கென்று தனி மாற்றுமருந்து கிடையாது, ரத்தத்தில் அமிலம் ஏறுகிறதா, கல்லீரல் பாதிக்கிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். இவ்வளவையும் கம்பெனி பில் புத்தகத்தின் பின்னட்டையில் எழுதிக்கொண்டேன். புளித் தண்ணீரைக் கீழே கொட்டியதற்குப் பெரியம்மா இன்னும் என்னோடு பேசுவதில்லை.

108 சீக்கிரமே வந்தது. பாலம் தாண்டி, வழியில் முதலில் சேர்த்த ஆஸ்பத்திரியில்தான் கூத்து. பெயர் வேண்டாம்.

வாசலிலேயே பதிவு எழுதுகிற ஊழியர் ஆதார் கேட்டார். வேலைக் கைலியோடு தூக்கி வந்திருக்கிறோம், ஆதாருக்கு எங்கே போக? போனில் இருக்கிறது, எடுத்துத் தருகிறேன் என்றால், நகல்தான் வேண்டுமாம், ஜெராக்ஸ் கடை எதிரே இருக்கிறதாம். அவன் ஸ்ட்ரெச்சரில் எச்சில் துப்பிக்கொண்டு கிடக்கிறான். அவசரச் சிகிச்சைக்கு அடையாள அட்டை முன்நிபந்தனை இல்லை. இதைச் சத்தமாகச் சொல்லுங்கள், நாலு பேருக்குக் கேட்கிற மாதிரி. எனக்கு அதுதான் வேலை செய்தது.

உள்ளே விஷக் கேஸ் என்றதும் வழக்கப்படி வயிறு கழுவுகிற டியூபை எடுத்துவிட்டார்கள். நம் மாவட்டத்தில் பூச்சிமருந்தும் அரளி விதையும்தான் அதிகம் பார்த்திருப்பார்கள், பைபர் பட்டறைச் சாமானை எங்கே பார்த்திருக்கப் போகிறார்கள்? பணியில் இருந்த டாக்டர் சின்ன வயசு. "சார், ஒரு நிமிஷம்" என்று மறுபடி அந்த எண்ணைப் போட்டு போனை அவர் காதில் கொடுத்தேன். நர்ஸ் முறைத்தார். டாக்டர் முறைக்கவில்லை, வாங்கிப் பேசினார், குறித்துக்கொண்டார், டியூபை எடுத்து வைக்கச் சொன்னார். டாக்டர்களும் அந்த மையத்தைக் கூப்பிடலாம், அதற்குத்தான் அது முக்கியமாக இருக்கிறது. அந்த டாக்டருக்கு நான் எப்போதும் கடமைப்பட்டவள். மதுரைக்கு எழுதிக் கொடுத்தவரும் அவர்தான்.

ஆனால் அதே நேரம், வெளியே அந்தப் பதிவு ஊழியர் தம்பி பெஞ்சாதியிடம் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார். "எதுக்கும்மா குடிச்சான்? வீட்ல சண்டையா?" அவள் அழுதிருக்கிறாள். அழுததை ஆமாம் என்று எடுத்துக்கொண்டு, விபத்துப் பதிவேட்டில் "குடும்பத் தகராறில் விஷம் அருந்தியதாக" என்று எழுதி, மற்றத் தாள்களின் அடுக்கில் வைத்து டாக்டரின் கையெழுத்தும் வாங்கிவிட்டார். மதுரை போகிற ஆம்புலன்ஸில் ஏ.ஆர். காப்பியை, அதாவது அந்த விபத்துப் பதிவேட்டின் நகலை, பிரித்துப் படித்தபோதுதான் எனக்கே தெரியும்.

இதைப் படிக்கிறவர்களுக்கு நான் சொல்லக்கூடிய ஒரே பெரிய எச்சரிக்கை இந்த இடம்தான். விஷம் உள்ளே போனது என்றாலே, தவறுதலானாலும், மெடிக்கோ லீகல் கேஸாகப் பதிவார்கள், போலீசுக்குத் தகவல் போகும். அது நடைமுறை, பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் 'எப்படி நடந்தது' என்ற இடத்தில் என்ன எழுதுகிறார்கள் என்று அங்கேயே நின்று படித்துப் பாருங்கள். நினைவோடு இருக்கிறவரிடம் டாக்டர் நேரடியாகக் கேட்டு எழுத வேண்டும். பேச முடியாவிட்டால் காகிதமும் பேனாவும் கொடுங்கள். மதுரையில் தம்பி அட்டைப்பெட்டி ஒன்றின் மூடியில் எழுதிக் காட்டினான்: "தண்ணின்னு நெனச்சு குடிச்சேன். என் பொண்டாட்டிய எதுவும் கேக்காதீங்க." அந்த அட்டையை இன்னும் கோப்பில் வைத்திருக்கிறேன்.

மதுரை ஒரு வரியில்: நல்ல டாக்டர்கள், காலையிலேயே எண்டாஸ்கோபி, உணவுக்குழாயில் இரண்டாம் நிலைப் புண், ஓட்டை இல்லை, கல்லீரல் அளவுகள் கொஞ்சம் ஏறி இறங்கின, முதலமைச்சர் காப்பீட்டு அட்டை சிக்கலில்லாமல் ஓடியது. எண்டாஸ்கோபியைத் தள்ளிப்போட்டிருந்தால் சில நாளில் புண் இளகி, குழாய் விடுவதே ஆபத்தாகியிருக்கும் என்றார்கள். ஜெராக்ஸ் கேட்ட அந்தப் பதிவு ஊழியர் நினைவுக்கு வந்தார்.

வார்டில் பக்கத்துக் கட்டிலில் ஒரு மூன்று வயசுக் குழந்தை, மண்ணெண்ணெய் குடித்தது. அப்பா காலைப் பிடித்துத் தலைகீழாகத் தூக்கி வாந்தி எடுக்க வைத்திருக்கிறார். எண்ணெய் வயிற்றில் கிடப்பதைவிட நுரையீரலுக்குள் போவதுதான் ஆபத்து, அதைத்தான் அவர் செய்திருக்கிறார். எக்ஸ்ரேயில் நிமோனியா தெரிந்து, குழந்தைக்கு ஆக்சிஜன் ஓடிக்கொண்டிருந்தது. அந்த மனிதர் யாரிடமும் பேசாமல் உட்கார்ந்திருப்பார். பிறகு குழந்தை தேறி, எங்கள் பிஸ்கட்டையெல்லாம் தின்றுவிட்டுப் போனது.

எதிர்க் கட்டிலில் ஒரு காலேஜ் பெண். எலி பேஸ்ட். சேர்த்த மறுநாள் எழுந்து நடக்கிறாள், தலை பின்னிக்கொள்கிறாள். 'சரியாகிவிட்டாள், போலீஸ் வருவதற்குள் கூட்டிப் போய்விடலாம்' என்று வீட்டில் துடித்தார்கள். டாக்டர் விடவே இல்லை. அதில் இருக்கிற மஞ்சள் பாஸ்பரஸ் முதல் ஓரிரு நாள் ஒன்றும் காட்டாது, அதன்பிறகுதான் கல்லீரலைப் பிடிக்கும். ஆள் நன்றாகத் தெரிகிற நேரத்தில்தான் வீட்டுக்குத் தூக்கிப் போய் இழந்துவிடுகிறார்களாம். போலீஸ் பயத்துக்கு மூத்த நர்ஸ் ஒருவர் பதில் சொன்னார்: 2017 மனநலச் சட்டம் 115-ஆம் பிரிவுப்படி, இப்படிச் செய்தவரைக் கடுமையான மன அழுத்தத்தில் இருந்தவராகத்தான் பார்க்க வேண்டும், தண்டிக்கக் கூடாது. சுவரில் ஒட்டியிருந்த 14416 என்ற எண்ணையும் எழுதிக் கொடுத்தார். டெலி மானஸ் என்கிற மனநல உதவி எண், தமிழிலும் பேசுவார்கள், இலவசம். அந்தப் பெண்ணிடம் ஏன் செய்தாய் என்று யாரும் வார்டில் கேட்கவில்லை. சாப்பிட்டாயா என்றுதான் கேட்டார்கள்.

வீட்டுக்கு வந்தபின் இரண்டாம் பாகம். மீனவர் குழு விபத்துக் காப்பீட்டில் இறப்புக்கு 5 லட்சம், விபத்தில் ஆஸ்பத்திரியில் சேர்ந்தால் 25,000 ரூபாய் வரை உண்டு. தம்பி கூட்டுறவுச் சங்க உறுப்பினர், கேட்டுப் பார்க்கலாம் என்று போனோம். தாள்களைப் புரட்டியவர் அந்த வரியில் விரலை வைத்தார். "இத வச்சு அனுப்பினா திரும்பி வந்துரும்மா. தானா குடிச்சதுக்குக் கிடையாது." நியாயம்தான், அவர் மேல் கோபமில்லை.

பதிவேட்டைத் திருத்தக் கேட்டு முதல் ஆஸ்பத்திரிக்குப் போனால், அதே ஊழியர், அதே நாற்காலி. "எழுதினது எழுதினதுதான், அடிச்சுத் திருத்த முடியாது." அடித்துத் திருத்த முடியாது என்பது உண்மை. வேறு வழி இருக்கிறது என்பதை அவர் சொல்லவில்லை. அதை வெளியே டீக்கடையில் ஒரு ஓய்வுபெற்ற ஏட்டய்யா சொன்னார். மதுரையில் ஆஸ்பத்திரி அவுட்போஸ்ட் போலீஸ் வாங்கிய தம்பியின் வாக்குமூலம் எங்கள் ஸ்டேஷனுக்கு வந்திருக்கும், அதன்பேரில் விசாரித்து, தவறுதலாகக் குடித்தது, மேல் நடவடிக்கை இல்லை என்று எழுதி வாங்கலாம். டிஸ்சார்ஜ் சம்மரியிலும் 'தற்செயலாக' என்று இருக்க வேண்டும், இல்லாவிட்டால் டாக்டரிடம் கேட்டுச் சேர்த்து வாங்குங்கள். எங்களுக்கு அது நல்லவேளையாக ஏற்கெனவே இருந்தது.

ஸ்டேஷனுக்குப் போன முதல் நாள் ரைட்டர் திருவிழா பந்தோபஸ்துக்குப் போய்விட்டார். அடுத்த தடவை ரைட்டர் இருந்தார், தபால் வரவில்லை. மதுரைக்குப் போன் போட்டு வாக்குமூலத்தின் எண்ணை நானே வாங்கிக் கொடுத்தபின் தபாலும் கிடைத்தது. மேசையிலேயே இருந்திருக்கிறது. பட்டறை முதலாளி வந்து பாட்டில் விஷயத்தை எழுதிக் கொடுக்கத் தயங்கினார், தன் மேல் வந்துவிடுமோ என்று. மூன்று போட்டோவையும் காட்டி, இது என் போனில் இருக்கிறது அண்ணே என்றேன். எழுதிக் கொடுத்தார். இப்போது அந்தப் பட்டறையில் கேட்டலிஸ்ட் அசல் கேனை விட்டு வெளியே வருவதில்லை, கேன் மேல் சிவப்புப் பெயின்ட், பூட்டுப் போட்ட பெட்டி. சாவி தம்பியிடம்.

மனு சங்கத்திலிருந்து மேலே போயிருக்கிறது. விழுங்கும்போது இடிக்கிறது என்று தம்பி சொல்ல ஆரம்பித்திருக்கிறான். இப்படிப் புண் ஆறும்போது சில வாரங்களில் உணவுக்குழாய் சுருங்கலாம், அப்படியானால் பலூன் வைத்து விரிக்க வேண்டிவரும் என்று மதுரையில் முன்பே சொல்லியிருந்தார்கள். அடுத்த எண்டாஸ்கோபிக்குத் தேதி வாங்கியாயிற்று. போகும்போது டிஸ்சார்ஜ் சம்மரி, ஸ்டேஷன் கடிதம், ஆதார், ரேஷன் கார்டு எல்லாம் அசலோடு இரண்டு செட் ஜெராக்ஸ். முன்கூட்டியே எடுத்து வைத்துவிட்டேன்.